காஞ்சிரம் நின்ற குளக்கரை

எட்டி மரத்துக்குக் காஞ்சிரம் என்றும் பெயர். இலை, பட்டை, வேர் எல்லாம் கசப்பு. பொத்தானைப் போலத் தட்டையான விதையில் ஸ்ட்ரிக்னின் என்னும் கொடிய நஞ்சு. ஆடுமாடு வாய் வைப்பதில்லை. கட்டையைக் கறையான் அரிப்பதில்லை. பழுத்தும் யாருக்கும் உதவாத மரம் என்று, ஈகை அறியாத செல்வரோடு சேர்த்துத் தமிழ்ப் பழமொழி இதைப் பேசும். அப்படிப்பட்ட மரத்தையும் ஒரு குளத்தையும் சேர்த்துப் பெயராகக் கொண்ட ஊர் காஞ்சிரங்குளம். திருவனந்தபுரம் மாவட்டத்தின் நெய்யாற்றின்கரை வட்டத்தில், விழிஞ்ஞத்துக்கும் பூவாருக்கும் இடையில், கடற்கரையிலிருந்து சற்று உள்ளே தள்ளி இருக்கிறது.

சுற்றுவட்டாரப் பெயர்களிலும் இதே சாயல் உண்டு. நெல்லிமூடு, ப்ளாமூட்டுக்கடை, ஆறாலுமூடு, உதியன்குளங்கரை. மூடு என்றால் மரத்தடி. ப்ளாவு என்றால் பலா. கடை கூடியது பலாவின் அடியில், வழி பிரிந்தது ஆலின் அடியில், குடி அமர்ந்தது குளத்தின் கரையில். 1956 நவம்பர் 1 அன்று திருவிதாங்கூரின் தென்கோடி வட்டங்களான தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு நான்கும் அன்றைய சென்னை மாநிலத்தோடு (இன்றைய தமிழ்நாடு) சேர்ந்தன. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்டும் நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே நின்றது. எல்லைக்கோடு பாறசாலைக்கும் களியக்காவிளைக்கும் இடையே விழுந்தது. ஆனால் விளை (தோட்ட நிலம்), புரையிடம் (வீட்டைச் சூழ்ந்த மனை), ஏலா (வயல்வெளி), காவு (தெய்வத்துக்கு விட்ட சோலை) என்ற சொற்கள் இன்றும் இருபுறமும் ஒரே பொருளில்தான் வழங்குகின்றன. இந்த எல்லை ஊர்களில் மரமும் நீரும் எவ்வாறு காக்கப்பட்டன, அதில் மறைநூல்களுக்கு என்ன பங்கு என்பதை அறிய இந்தச் சொற்களே முதல் சான்று.

கேரளத்தில் வீடு கட்டுவோர் முன்பு கேட்டு நடந்த நூல் மனுஷ்யாலய சந்திரிகை. 16ஆம் நூற்றாண்டில் திருமங்கலத்து நீலகண்டன் சமஸ்கிருதத்தில் எழுதியது. தச்சர்களின் வாய்மொழியாகவும் உரைகளாகவும் அது ஊர் ஊராகப் போய்ச் சேர்ந்தது. எந்தத் திசையில் எந்த மரம் நிற்க வேண்டும் என்று அந்நூல் விதிக்கிறது: கிழக்கே பலா, தெற்கே கமுகு, மேற்கே தெங்கு, வடக்கே மா. புரையிடத்தின் நிழலும் உணவும் ஒரே விதியில் அடங்கிவிட்டன. கூடவே புரையிடத்தில் எங்கும் நிற்கக்கூடாத மரங்களின் பட்டியலும் உண்டு. அந்தப் பட்டியலில் முதலாவதாக வருவது காஞ்சிரம். நஞ்சு மரத்தைக் குழந்தைகள் விளையாடும் முற்றத்திலிருந்து விலக்கியதில் நியாயம் இருக்கிறது.

ஆனால் சோதிட மரபு வேறு கணக்குச் சொல்கிறது. 27 நட்சத்திரங்களுக்கும் ஒவ்வொரு மரம் உரியது. பரணிக்கு நெல்லி, கார்த்திகைக்கு அத்தி, ரோகிணிக்கு நாவல் என்று வரிசை போகும். அந்த வரிசையின் தலைமரம், அசுவதிக்கு உரியது, காஞ்சிரம். தன் நாளின் மரத்தை வெட்டுவது ஆயுளைக் குறைக்கும், நட்டு வளர்ப்பது ஆயுளைக் கூட்டும் என்பது நம்பிக்கை. ஒரு நூல் விலக்கும் மரத்தை இன்னொரு மரபு வணங்கச் சொல்கிறது. இரண்டையும் ஒருங்கே கைக்கொண்ட ஊருக்கு ஒரே வழிதான் இருந்தது: மரத்தை வெட்டாமல், வீட்டுக்குள்ளும் விடாமல், மனிதன் குடியேறாத ஓரிடத்தில் நிறுத்துவது. குளக்கரையும் காவும் அப்படிப்பட்ட இடங்கள்.

தமிழில் கா என்ற ஓரெழுத்துச் சொல்லுக்குச் சோலை என்றும் பொருள். காப்பாய் என்றும் பொருள். சொற்பிறப்பு எப்படி இருந்தாலும், கேட்கும் காதுக்கு இரண்டும் ஒன்றே. மலையாளத்தில் இந்தக் கா, காவு என்று நிலைத்தது. நாகங்களுக்கு விட்டது சர்ப்பக்காவு. தென் திருவிதாங்கூரில் மாடனுக்கும் யட்சிக்கும் விட்ட காவுகளும் உண்டு. பழைய தறவாட்டின், அதாவது கூட்டுக்குடும்ப வீட்டின், தென்மேற்கு மூலையில் கால் ஏக்கரோ ஒரு ஏக்கரோ கத்தி படாமல் கிடக்கும். ஏழிலைப்பாலை, இலஞ்சி என்று வழங்கும் மகிழம், புன்னை, அயனி, பிரம்புக் கொடிகள், அவற்றிடையே காஞ்சிரம். உள்ளே சித்திரகூடக்கல்லும் நாகச் சிலைகளும். முறிந்து விழுந்த கொம்பைக்கூட அடுப்புக்கு எடுப்பதில்லை. சருகு கூட்டுவதில்லை.

அந்தி மயங்கும் நேரத்தில் வீட்டுப் பெண் ஒருத்தி குளித்துவிட்டு, தேங்காயெண்ணெயில் நனைத்த திரியோடு காவின் வாசல்வரை போவாள். கல்விளக்கில் திரியை வைத்து, உள்ளே காலெடுத்து வைக்காமல், கைகூப்பிவிட்டுத் திரும்புவாள். ஆயில்ய நாளில் மட்டும் நூறும் பாலும் படைப்பார்கள்: அரிசிமாவு, மஞ்சள்பொடி, பால், இளநீர், கதலிப்பழம். புள்ளுவர் குடம் மீட்டிப் பாடுவார்கள். ஆண்டு முழுவதும் காவுக்குள் நடக்கும் மனித வேலை இவ்வளவே. ஒரு காட்டைக் காட்டாகவே விடுவதற்கு இதைவிடச் சிக்கனமான ஏற்பாட்டை எண்ணிப் பார்ப்பது கடினம். காவல்காரனுக்குக் கூலி இல்லை, வேலிக்குச் செலவு இல்லை. நாள்தோறும் ஒருத்தி வந்து பார்த்துவிட்டுப் போகிறாள்.

இந்த ஒழுங்கு எந்த ஒரு நூலிலிருந்தும் பிறந்ததாகத் தெரியவில்லை. பழக்கம் முந்தியது, நூல் பிந்தி வந்து காரணம் சொன்னது. பரசுராமர் கடலிலிருந்து மீட்ட நிலம் உவர்ப்பாகவும் நாகங்கள் நிறைந்ததாகவும் இருந்தது என்றும், நாகங்களுக்கு வழிபாடும் இடமும் ஒதுக்கிய பிறகே அது மனிதர் வாழத் தகுந்ததாயிற்று என்றும் கேரளத்தின் தோற்றக் கதைகள் கூறும். வேத மரபில் அதர்வ வேதத்தின் பூமி சூக்தம் 63 மந்திரங்களால் நிலத்தைத் தாயாகப் போற்றுகிறது. தோண்டி எடுத்த இடம் விரைவில் வளர்ந்து மூடட்டும், உன் உயிர்நிலை காயப்படாதிருக்கட்டும் என்ற கருத்தில் நிலத்திடம் வேண்டுகிறது. காவுக்கு விளக்கு வைத்த பெண் அந்த மந்திரத்தைக் கேட்டிருக்க வாய்ப்பில்லை. அந்த மந்திரம் விரும்பியதை ஒரு மூலை நிலத்தில் நிறைவேற்றியவள் அவள்தான்.

காவு தீண்டினால் குடிநீர் முட்டும் என்ற கருத்துள்ள பழமொழி மலையாளத்தில் வழங்குகிறது. இதில் அச்சமும் இருக்கிறது, அனுபவ அறிவும் இருக்கிறது. இப்பகுதி செம்பாறைக் கல்லும் சரிவுமான நிலம். மழை பெய்த வேகத்தில் தண்ணீர் ஏலாவுக்கு ஓடி, அங்கிருந்து நெய்யாற்றுக்கோ கடலுக்கோ போய்விடும். பல்லாண்டுச் சருகு மெத்தை போலக் கிடக்கும் காவு அந்த ஓட்டத்தைத் தடுத்து நீரை மண்ணுக்குள் இறக்கும். அதன் கீழ்ச்சரிவில் குளம், குளத்தை ஒட்டிக் கிணறு. காவும் குளமும் என்று இணைத்தே சொல்லும் வழக்கு இதனால் வந்தது. காவு அழிந்த புரையிடங்களில் கிணறு கோடையில் வற்றியதைப் பார்த்த தலைமுறைக்குப் பழமொழியின் பொருளை யாரும் விளக்கத் தேவையில்லை.

1816 முதல் 1820 வரை வார்டு, கானர் என்ற ஆங்கிலேய அதிகாரிகள் திருவிதாங்கூரை அளந்தார்கள். அவர்களுடைய குறிப்பைச் சான்றாகக் காட்டி, அக்காலத்தில் நாட்டில் சுமார் 15,000 காவுகள் இருந்ததாக ஆய்வாளர்கள் எழுதுகிறார்கள். 1996இல் வெளியான பாலசுப்பிரமணியன், இந்துசூடன் ஆகியோரின் ஆய்வு கேரளம் முழுவதிலும் 761 காவுகளைப் பதிவு செய்தது. அவற்றில் 722 தாவர இனங்கள் இருந்தன. இரு கணக்குகளும் ஒரே அளவுகோலால் எடுத்தவை அல்ல, ஆகவே ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்து இழப்பைச் சொல்ல முடியாது. ஆயினும் இவ்வளவு குறைந்த பரப்பில் இத்தனை இனங்கள் தங்கியிருந்தது வியப்புக்குரியது.

நாகமும் யட்சியும் எல்லையின் இருபுறத்துக்கும் பொது. நாகர்கோவில் நாகராஜா கோயிலின் கருவறைக்கு இன்றும் ஓலைக்கூரைதான். ஆண்டுதோறும் புதிதாக வேய்வார்கள். பிரசாதம் அந்த இடத்து மண். நாகம் ஓலைக்குக் கீழும் மண்ணுக்கு மேலும் இருப்பது என்ற நினைவை அக்கோயில் விடவில்லை. காஞ்சிரத்துக்கும் யட்சிக்கும் உள்ள உறவு இன்னும் நெருக்கமானது. கேரளக் கதைகளில் மந்திரவாதி யட்சியைப் பிடித்து ஆணியால் அறைவது பெரும்பாலும் காஞ்சிர மரத்தில். அப்படி ஆணி அறைந்த மரத்தை வெட்டத் துணிபவர் யார்? கதை மரத்துக்குக் காவல் நின்றது.

அச்சத்தால் அன்றி நன்றியால் காக்கப்பட்ட மரமும் இங்கே உண்டு. நெய்யாற்றின்கரை ஸ்ரீகிருஷ்ணசாமி கோயில் வளாகத்தில் நிற்கும் அம்மச்சிப் பிலாவு அது. 1729 முதல் 1758 வரை திருவிதாங்கூரை ஆண்ட மார்த்தாண்ட வர்மா, அரசேறுவதற்கு முன், தம்மை எதிர்த்த எட்டுவீட்டுப் பிள்ளைமாரின் ஆட்களிடமிருந்து தப்பி ஓடியபோது இந்தப் பலாவின் பொந்தில் ஒளிந்து உயிர் பிழைத்தார் என்பது செவிவழிச் செய்தி. பொந்தைக் காட்டிய சிறுவன் கிருஷ்ணனே என்று நம்பி, பின்னர் அங்கே கோயில் எழுப்பினார் என்பார்கள். கோயிலைச் சுற்றி மரம் வைப்பது எங்கும் உள்ள வழக்கம். இங்கே மரம் முந்தி நின்றது, கோயில் பிந்தி வந்தது. உள்ளீடு போய்ப் பட்டுப்போன அந்த அடிமரத்தை இன்றும் பாதுகாத்து வருகிறார்கள்.

19ஆம் நூற்றாண்டு இந்த ஏற்பாட்டை வேரோடு அசைத்தது. அதை அசைத்தவை மூன்றும் மறைநூலோடும் மறைமொழியோடும் வந்த இயக்கங்கள். 1806இல் மிஷனரி ரிங்கல்தௌபே தென் திருவிதாங்கூர் வந்து, மயிலாடியைத் தளமாகக் கொண்டு இலண்டன் மிஷன் பணியைத் தொடங்கினார். பிற்பாடு பாறசாலை தனி மிஷன் மாவட்டமாயிற்று. ஜான் ஆப்ஸ், சாமுவேல் மேட்டீர் ஆகியோர் அங்கே மிஷனரிகளாக இருந்தார்கள். மேட்டீர் 1871லும் 1883லும் வெளியிட்ட நூல்களில் நாக வழிபாட்டையும் மாடன், யட்சி வழிபாட்டையும் விரிவாக எழுதினார். அவர் கண்ணுக்கு அவை மனிதரை அச்சத்தில் கட்டிவைத்த பேய் வணக்கம். திருமுழுக்குப் பெற்ற குடும்பங்கள் தங்கள் பேய்க்கோயில்களை இடித்தன. அவற்றோடு நின்ற மரங்கள் காவல் இழந்தன.

அதே காலத்தில் சாமித்தோப்பில் வைகுண்டர் (1809–1851) எழுந்தார். அவருடைய சீடர் அரிகோபாலன் சீடர் 1841இல் பனையோலையில் எழுதிய அகிலத்திரட்டு அம்மானை, பேய்களை அழித்துவிட்டதாகவே கதை சொல்கிறது, இரத்தப்பலி விலக்கப்பட்டது. 1888 சிவராத்திரியில் நாராயண குரு, நெய்யாற்றின் சங்கரன்குழியில் மூழ்கி எடுத்த கல்லை அருவிப்புறத்தில் சிவனாக நிறுவினார். மாடனும் சுடலையும் இருந்த இடங்களில் சிவனையும் சுப்பிரமணியனையும் வைப்பது அவர் பணியின் ஒரு பகுதி. மூவரும் வேறு வேறு வழியில் வந்து ஒரே இடத்தில் ஒத்துப்போனார்கள்: அச்சத்தின் தெய்வங்கள் போக வேண்டும்.

இதை மரத்துக்கு நேர்ந்த கேடாக மட்டும் பார்ப்பது நேர்மையாகாது. காவும் குளமும் எல்லாருக்கும் உரியவையாக இருக்கவில்லை. தறவாட்டின் குளத்தில் நாடாரும் ஈழவரும் புலையரும் பறையரும் இறங்க முடியாது. காவின் வழியிலும் தீண்டாப்பாடு உண்டு. பனையேறிகள் ஏணிக்கும் அரிவாளுக்கும்கூட வரி கட்டிய நாட்டில், தங்களை அஞ்சவைத்த மரத்தை விட்டு விலகுவது ஒரு விடுதலை. அந்த விடுதலை கிடைத்த பிறகு மரத்தை யார் காப்பது என்ற கேள்வி அப்போது எழவில்லை, எழுந்திருக்கவும் நியாயமில்லை.

ஆயினும் மூன்று இயக்கங்களும் வெறுங்கையோடு வரவில்லை. சாமித்தோப்பில் வைகுண்டர் தோண்டச் செய்த முத்திரிக்கிணற்றில் எல்லாச் சாதியாரும் ஒன்றாக நீர் எடுத்தார்கள். நீரைக் காப்பதும் நீரைப் பகிர்வதும் அங்கே ஒரே அறமாயிற்று. 700 குடும்பங்கள் கடலோரத்தில் இருந்து நோற்ற துவையல் தவசு, துவைத்து உடுப்பதையும் குளிப்பதையும் ஒருவேளை உணவையும் நோன்பாக்கியது. வழிபாட்டுக்கும் ஏடு வாசிக்கவும் எழுந்த இடங்களுக்கு நிழல்தாங்கல் என்று பெயர். தெய்வத்தின் பெயரை விட்டு நிழலின் பெயரை வழிபாட்டிடத்துக்கு வைத்தது அந்த நிலத்தின் வெயிலை அறிந்தவர்கள் செயல். நாராயண குரு ஜீவகாருண்ய பஞ்சகத்தில் கொல்லாமையையும், அனுகம்பா தசகத்தில் எறும்பு வரை நீளும் அருளையும் பாடினார். பின்னதில் புத்தரும் இயேசுவும் நபியும் அந்த அருளின் வடிவங்களாக வருகிறார்கள்.

பனையையும் இங்கே சொல்ல வேண்டும். அகிலத்திரட்டின் ஏடு பனையோலை. அதைப் போற்றிய மக்களின் பிழைப்பு அக்கானியும் கருப்பட்டியும். அந்நூல் 1939இல் அச்சேறிய பிறகு ஓலை எழுதும் தேவை குறைந்தது; பனையேற்றத்தை விட்டுப் பிள்ளைகள் பள்ளிக்குப் போனார்கள்; செங்கல் சூளைகளுக்குப் பனை விறகாகப் போனது. பனையை வெட்ட மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும் என்று தமிழ்நாடு அரசு அறிவித்தது 2021இல்தான்.

காவுகளைப் பெருமளவில் அழித்தது மதமாற்றமோ சீர்திருத்தமோ அன்று. நில உரிமையும் பயிர் மாற்றமும்தான். 1865இன் பண்டாரப்பாட்ட அறிவிப்பு சர்க்கார் நிலத்தைக் குடியானவருக்கு உரிமையாக்கியது. திருவிதாங்கூர் மன்னர் விசாகம் திருநாள் 1880களில் மரச்சீனியைப் பரப்பினார். பஞ்சம் தாங்கும் அந்தக் கிழங்கு சரிவுகளிலெல்லாம் ஏறியது. அடுத்து ரப்பர். 1925இன் நாயர், ஈழவர் சட்டங்கள் தாய்வழி மரபான மருமக்கத்தாயக் கூட்டுச்சொத்தைத் தலைக்கு ஒரு பங்காகப் பிரிக்க வழி திறந்தன. வீட்டையும் விளையையும் பங்கிடலாம். நாகத்தை எப்படிப் பங்கிடுவது? அதற்கும் ஒரு சடங்கு இருந்தது. மன்னாறசாலை, பாம்பும்மேய்க்காடு போன்ற நாக மனைகளின் ஆட்கள் வந்து காவுமாற்றம் செய்து நாகங்களை ஆவாகித்து எடுத்துச் செல்வார்கள். மறுநாள் கோடரி இறங்கும். காவைக் காத்த அதே மரபின் சடங்கு, காவை வெட்டுவதற்கு அனுமதிச் சீட்டாகவும் ஆயிற்று.

20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மறைநூல்களை மறுபடி வாசிக்கும் போக்கு உலகெங்கும் எழுந்தது. 1967இல் லின் வைட் என்ற அமெரிக்க வரலாற்றாசிரியர், மனிதனுக்குப் பூமியின்மேல் ஆளுகை தந்த ஆதியாகமத்தின் முதல் அதிகாரமே இன்றைய சூழல் நெருக்கடிக்கு வேர் என்று எழுதினார். அதற்கு மறுமொழியாக இறையியலாளர்கள் இரண்டாம் அதிகாரத்தை எடுத்துக் காட்டினார்கள். அங்கே மனிதன் தோட்டத்தில் வைக்கப்படுவது உழைக்கவும் காக்கவும். தமிழ் விவிலியத்திலும் அந்த இரண்டாவது வினை காத்தல்தான். காவு என்ற சொல்லோடு வளர்ந்த ஊர்களுக்கு இந்த வாசிப்பு அந்நியமாக இருக்க முடியாது. 1947இல் உருவான தென்னிந்தியத் திருச்சபை சுற்றுச்சூழலைத் தன் பணியில் சேர்த்துக்கொண்டது. 1996இல் நெய்யாற்றின்கரை தனி லத்தீன் மறைமாவட்டமாயிற்று. 2015இல் போப் பிரான்சிஸ் வெளியிட்ட 'லவ்தாத்தோ சி' மடல், பூமியை நம் பொது வீடு என்று அழைத்தது. பூவார் போன்ற கடலோர ஊர்களின் முஸ்லிம்கள் மரபில், மனிதன் பூமியில் இறைவனின் கலீபா. உலகம் முடியும் வேளையிலும் கையில் நாற்று இருந்தால் நட்டுவிடச் சொல்லும் நபிமொழியும் உண்டு.

இந்த வாசிப்பு பிரசங்க மேடையிலிருந்து தெருவுக்கு இறங்கியது 2022இல். காஞ்சிரங்குளத்துக்கு அண்மையில் உள்ள விழிஞ்ஞத்தில் துறைமுகப் பணி 2015 டிசம்பரில் தொடங்கியிருந்தது. கரை அரிப்பால் வீடிழந்த மீனவர்களுக்காக, திருவனந்தபுரம் லத்தீன் பேராயத்தின் தலைமையில் ஆகஸ்டு முதல் டிசம்பர் வரை போராட்டம் நடந்தது. பணியை நிறுத்திக் கரை அரிப்பை ஆராய வேண்டும் என்பது கோரிக்கைகளுள் ஒன்று. அரிப்புக்குத் துறைமுகம்தான் காரணம் என்பதை அரசும் துறைமுக நிறுவனமும் ஏற்கவில்லை. துறைமுகம் 2025 மே 2 அன்று நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது.

சட்டத்தின் பக்கமும் சில நகர்வுகள் உண்டு. 2008இன் கேரள நெல்வயல் நீர்நிலப் பாதுகாப்புச் சட்டம் ஏலாக்களை மண்ணிட்டு நிரப்புவதைத் தடுத்தது. 2016இல் தொடங்கிய ஹரித கேரளம் திட்டத்தில் குளங்கள் தூர்வாரப்பட்டன. காவுகளைக் காக்க உரிமையாளர்களுக்கு வனத்துறை நிதி உதவி தருகிறது. எஞ்சிய காவுகளில் பல இப்போது ஐந்தாறு சென்ட் பரப்புதான். சுற்றிலும் மதில், உள்ளே சிமெண்டுத் தளம், நடுவில் நாகச் சிலை. அத்தகைய இடங்களில் தெய்வம் இருக்கிறது, சருகு இல்லை. வழிபாடு பெருகி மரம் குறைந்த அந்த மாற்றம், கோடரியைவிட மெதுவாகவும் அமைதியாகவும் காவுகளைத் தின்கிறது.

கோயில்களும் பள்ளிகளும் வனத்துறையும் அண்மைக் காலத்தில் நட்சத்திர வனம் அமைக்கின்றன. 27 குழிகள், 27 நாற்றுகள், ஒவ்வொன்றின் அருகிலும் நாளின் பெயரும் மரத்தின் பெயரும் எழுதிய பலகை. பிறந்தநாளன்று வந்து தன் மரத்துக்கு நீர் ஊற்றிப் போகிறவர்கள் உண்டு. வரிசை அசுவதியில் தொடங்குவதால் முதல் குழி காஞ்சிரத்துக்கு. அதன் பழம் ஆரஞ்சுப் பழத்தின் நிறத்தில் உருண்டு திரண்டு கவர்ச்சியாக இருக்கும். ஆகவே குழந்தைகளிடம் அந்த ஒரு மரத்தைப் பற்றி மட்டும் தனியாகச் சொல்லி வைக்க வேண்டியிருக்கிறது.